அரண்மனை வாசலும் கள்ளுக்கடை வாசலும்

பள்ளி விடுமுறை தொடங்கி மூன்றாம் நாள். வீட்டு அஞ்சடியில் அமர்ந்து மாணவர்களின் கட்டுரை ஏடுகளைத் திருத்திக் கொண்டிருந்தேன். கைப்பேசி மணி அடித்தது.

“சார், வணக்கம். கணக்குல நாப்பது மார்க்கைத் தாண்டாத உங்க மாணவி பேசறேன்!”

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பதினைந்து ஆண்டுகளுக்கு முன் எங்கள் தோட்டப் பள்ளியில் ஆறாம் ஆண்டு படித்தவள். இப்போது ஜொகூர் பாருவில் உரிமம் பெற்ற சுற்றுலா வழிகாட்டி. சென்ற திருவிழாவில் கோயில் வாசலில் அவளைப் பார்த்தபோது, “இருபது வருசமா ஜொகூர் வரலாற்றைப் பாடம் நடத்துறேன். அரண்மனையை இன்னும் ஒரு தடவைகூட நின்னு பார்த்ததில்லை” என்று வாய்விட்டுச் சொல்லியிருந்தேன். மறக்காமல் மனத்தில் வைத்திருந்திருக்கிறாள்.

“நாளை மறுநாள் என் வேன்ல ஒரு இடம் காலியா இருக்கு சார். கம்பெனியில கேட்டுட்டேன், காசு வேணாம். காலையிலேர்ந்து அரண்மனை, பள்ளிவாசல், பழைய தெரு எல்லாம் பாக்கலாம். சாயங்காலம்...” என்று இழுத்தாள்.

“சாயங்காலம் என்ன?”

“ஒரு ஹோட்டல்ல ஒயின் ருசி பாக்கிற நிகழ்ச்சி சார். வெளியூர்க்காரங்களுக்கு வச்சிருக்கு. நீங்க வேணும்னா அதுக்கு முன்னாடியே கிளம்பிடலாம்.”

அருகில் நின்று கேட்டுக் கொண்டிருந்த என் மனைவி, “வாத்தியாருக்கு ஒயினா!” என்று சிரித்தாள். அடுப்படி வாசலில் வெற்றிலை இடித்துக் கொண்டிருந்த அம்மா, “எங்கப்பா போற?” என்று கேட்டார். “ராஜா அரமனையைப் பாக்கப் போறேம்மா” என்றேன். மாலை நிகழ்ச்சியைப் பற்றி அம்மாவிடம் சொல்ல எனக்கு நா எழவில்லை. காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

குன்றின் மேல் ஒரு கட்டடம்

குளுவாங்கில் விடியுமுன் பேருந்து ஏறினேன். சாலையின் இரு பக்கமும் செம்பனை, செம்பனை, செம்பனை! நான் சிறுவனாக இருந்தபோது இதே வழியில் பால்மரங்கள் நிரை நிரையாக நின்றன. காலைப் பனியில் மண்ணெண்ணெய் விளக்கைத் தலையில் கட்டிக்கொண்டு மரம் வெட்டுவோரின் வெளிச்சம் மின்மினிகளைப் போல் ஓடும். இன்று அந்த விளக்குகளும் இல்லை, அந்த மரங்களும் இல்லை.

லார்க்கின் பேருந்து நிலையத்தில் வேன் காத்திருந்தது. உள்ளே பத்துப் பேர். சிங்கப்பூரிலிருந்து வந்த சீனத் தம்பதிகள், ஓர் இந்தியக் குடும்பம், ஐரோப்பிய முதியவர் இருவர். ஓட்டுநர் வயதான மலாய்க்காரர். நான் ஆசிரியர் என்று தெரிந்ததும் “சிக்கு, முன்னால் உட்காருங்கள்” என்று மலாயில் அன்போடு அழைத்துத் தம் பக்கத்தில் இடம் கொடுத்தார்.

முதலில் புக்கிட் திம்பாலான் குன்று. அதன் உச்சியில் சதுரக் கோபுரத்தோடு கம்பீரமாக நிற்கிறது சுல்தான் இப்ராகிம் கட்டடம். 1930ஆம் ஆண்டுகளின் பின்பாதியில் கட்டி 1940இல் திறந்தார்கள். நீண்ட காலம் மாநில அரசின் தலைமைச் செயலகம் இங்கேதான் இருந்தது. பின்னர் அது கோத்தா இஸ்கண்டாருக்கு மாறிப் போயிற்று. கோபுரத்தின் உயரத்திலிருந்து பார்த்தால் ஜொகூர் நீரிணையும் அதற்கு அப்பால் சிங்கப்பூரும் கைக்கெட்டும் தூரத்தில் தெரியும். அதனால்தான் 1942இல் சிங்கப்பூரைத் தாக்கிய ஜப்பானியப் படை இந்தக் கட்டடத்தைக் கண்காணிப்பு மேடையாகப் பயன்படுத்தியது. ஜப்பானியத் தளபதி யாமாஷித்தா அதே நாளில் புக்கிட் செரின் அரண்மனையின் கோபுரத்தில் அமர்ந்து போரை நடத்தினார்.

என் மாணவி ஆங்கிலத்திலும் மலாயிலும் மாறி மாறிப் பேசினாள். வகுப்பில் வாயைத் திறக்காமல் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த பெண்ணா இவள்! நாற்பது மார்க்கை வைத்து ஒரு பிள்ளையை அளந்துவிட்டோமே என்று மனம் குறுகியது.

“இந்த ஊருக்கு வயசு அதிகமில்லை” என்று அவள் தொடங்கினாள். பழைய ஜொகூர் அரசின் தலைநகரங்கள் ஜொகூர் ஆற்றங்கரையில், கோத்தா திங்கி பக்கம் இருந்தவை. 1855ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் நாள் சுல்தான் அலிக்கும் தெமெங்கோங் டாயெங் இப்ராகிமுக்கும் ஏற்பட்ட உடன்படிக்கையில் மூவார் பக்கத்து கீசாங் பகுதி நீங்கலாக ஜொகூரின் ஆட்சி தெமெங்கோங் கைக்கு வந்தது. அப்போது இந்த இடம் தஞ்சோங் புத்திரி என்னும் கடலோரக் கிராமம். 1862இல் பொறுப்பேற்ற அவர் மகன் அபு பாக்கார்தான் இதை நகரமாக்கி, புதிய ஜொகூர் என்ற பொருளில் ஜொகூர் பாரு என்று பெயர் விளங்கச் செய்தார். அவரே 1868இல் மகாராஜாவாகவும், 1885இல் பிரிட்டனுடன் செய்த உடன்படிக்கையின் வழி சுல்தானாகவும் ஆனார். நவீன ஜொகூரின் தந்தை என்று அவரை அழைப்பது இதனால்தான்.

இலையில் விளைந்த நகரம்

குன்றிலிருந்து இறங்கிப் பழைய கடைத்தெருவுக்கு நடந்தோம். துணி வெளுத்தவர்களின் தொழிலைப் பெயராகத் தாங்கிய ஜாலான் டோபி. அதன் அருகே ஜாலான் டான் ஹியோக் நீ. இரு பக்கமும் நூறாண்டுப் பழமையுள்ள கடை வீடுகள். விறகு அடுப்பில் வேகும் வாழைப்பழக் கேக்கின் மணம் தெரு முழுக்க வீசியது.

டான் ஹியோக் நீ யார்? சீனாவிலிருந்து வந்து, துணி விற்கத் தொடங்கி, கடைசியில் ஜொகூர் ஆற்றங்கரைகளில் பெரும் நிலப்பரப்பை ஆண்ட தவுக்கே. அந்நாளில் ஜொகூரின் செல்வம் இரண்டு பயிர்களிலிருந்து வந்தது. ஒன்று கம்பீர், மற்றது மிளகு. கம்பீர் என்பது நம் பாட்டிமார் வெற்றிலையோடு மென்ற காசுக்கட்டி போன்றது. அதன் இலையை அண்டாவில் வேகவைத்து வடித்த சாறு, தோல் பதனிடவும் துணிக்குச் சாயமேற்றவும் ஐரோப்பாவுக்குக் கப்பல் ஏறியது. வெந்த சக்கையை மிளகுக் கொடிக்கு உரமாகப் போட்டார்கள். ஆகவே இரண்டும் சேர்ந்தே வளர்ந்தன.

ஆட்சியாளர் ஒவ்வோர் ஆற்றுக்கும் ஒரு சீனத் தலைவருக்கு ‘சூராட் சுங்கை’ என்னும் ஆற்றுப் பத்திரம் எழுதிக் கொடுப்பார். அந்தத் தலைவர் கங்சூ. அவர் குடியேற்றத்தின் பெயர் கங். வாசகர்களே, கங்கார் பூலாய், கங்கார் தெப்ராவ் என்று பேருந்துப் பலகையில் படித்திருப்பீர்களே, அந்தப் பெயர்கள் எல்லாம் இந்தக் காலத்து மிச்சம்தான்!

இங்கேதான் என் மாணவி சற்றுக் குரலைத் தாழ்த்தினாள். “கங்சூவுக்குக் கிடைச்சது நிலம் மட்டும் இல்லை. அந்த ஆத்தங்கரையில சாராயம் விக்கவும், அபின் விக்கவும், சூதாட்டம் நடத்தவும், அடகு பிடிக்கவும் அவருக்குத்தான் உரிமை.” அதாவது காட்டை அழித்து, இலை பறித்து, அண்டாவின் முன் வெந்த சீனக் கூலி, மாதக் கடைசியில் வாங்கிய கூலியை அதே முதலாளியின் அபின் குழாய்க்கும் சாராயக் குவளைக்கும் திருப்பிக் கொடுத்தான். ஜொகூரில் மட்டும் இப்படி இல்லை. அக்கரையில் ஆங்கிலேயர் ஆண்ட சிங்கப்பூரின் கஜானாவும் அபின், சாராயக் குத்தகைப் பணத்தில்தான் பெரும்பகுதி நிறைந்தது. 1870இல் சிங்கப்பூர், ஜொகூர் இரண்டின் அபின், சாராயக் குத்தகைகளையும் ஒன்றாகச் சேர்த்து எடுத்த மூவரில் டான் ஹியோக் நீயும் ஒருவர். கங்சூ முறை 1917இல் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது.

வெளியூர்ப் பயணிகள் படம் பிடித்துக் கொண்டார்கள். நான் மட்டும் நடைபாதையில் அப்படியே நின்றுவிட்டேன். கூலியை ஒரு கையால் கொடுத்து மறு கையால் வாங்கிக் கொள்ளும் இந்த வித்தையை எங்கேயோ பார்த்திருக்கிறோமே! எங்கே பார்த்தேன்? எங்கள் தோட்டத்துக் கள்ளுக்கடையில் அல்லவா?

கம்பீர் போய் ரப்பர் வந்தது. சீனக் கூலிக்குப் பதில் தமிழ்க் கூலி வந்தான். அபினுக்குப் பதில் கள் வந்தது. தோட்டத்துக்குள்ளேயே உரிமம் பெற்ற கள்ளுக்கடை. அதன் இலாபத்தில் ஒரு பங்கைத் தொழிலாளர் நலநிதி என்று ஒதுக்கி, கோயில் திருவிழாவுக்கும் விளையாட்டுத் திடலுக்கும் கொடுத்த நிர்வாகங்கள் மலாயாவில் உண்டு. நம் தாத்தாக்கள் குடித்தார்கள் என்று தலைகுனிகிறோம். அவர்கள் குடிப்பதற்கென்றே ஒரு கடையைக் கட்டி, லயத்துக்கு எட்டும் தூரத்தில் வைத்தவர் யார் என்று எத்தனை பேர் கேட்டோம்?

கேட்டவர்களும் உண்டு. 1947இல் கெடா பீடோங்கில் உள்ள ஹார்வர்ட் தோட்டத்தில் ஏ.எம்.சாமி தலைமையில் தொண்டர் படையினர் கள்ளுக்கடைக்கு எதிராகக் கிளம்பினார்கள். போலீசார் குறுக்கிட்டார்கள், உயிர்ப்பலியும் நேர்ந்தது. கள்ளை எதிர்ப்பது வெறும் ஒழுக்கப் பிரசாரமாக இருந்தால் அதற்கு எதற்குத் துப்பாக்கி?

அம்மன் சந்நிதியில் சற்று நேரம்

நண்பகலில் ஜாலான் உங்கு புவானுக்கு வந்தோம். பூக்கடை, சேலைக்கடை, மசாலை வாசனை என்று நம் சின்னத் தமிழ்நாடு! அங்கே ராஜ மாரியம்மன் ஆலயம். 1911ஆம் ஆண்டிலிருந்து ஜொகூர் பாருத் தமிழர்களின் தாய்வீடு. அருகிலேயே ஜாலான் துருசில் பழைய சீனக் கோயில். மதங்கள் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும் தெரு இது.

வாழை இலையில் சாப்பாடு. ஐரோப்பிய முதியவர் இரசத்தைக் கையில் வாங்கிக் குடித்துவிட்டுக் கண் கலங்கினார், மிளகுக் காரம்! “இதுவும் ஜொகூர் மிளகா?” என்று கேட்டார். அனைவரும் சிரித்தோம்.

சின்னத்தில் இல்லாத இலை

உணவுக்குப் பின் இஸ்தானா பெசார். நீரிணையை நோக்கிய பச்சைப் புல்வெளிக்கு நடுவே, வெள்ளைச் சுவரும் நீலக் கூரையுமாகக் கண்கொள்ளாக் காட்சி! 1866இல் அபு பாக்கார் கட்டி முடித்த அரண்மனை. கட்டிக் கொடுத்த ஒப்பந்தக்காரர் வோங் ஆ ஃபூக். நகரின் முக்கியச் சாலை ஒன்று இன்றும் அவர் பெயரில்தான் இருக்கிறது. வேலிக்கு வெளியே சாலையோரம் நின்று பார்த்தோம். உள்ளே போகாவிட்டாலும் பழுதில்லை. அந்த வெண்மையைத் தூரத்திலிருந்து பார்ப்பதே அழகு.

இந்த அரண்மனையைக் கட்டியவர் நாட்டுக்கு விட்டுச் சென்ற பெரிய சொத்து கல்லும் சுண்ணாம்பும் அல்ல, ஒரு சட்டம். 1895ஆம் ஆண்டு ஏப்ரல் 14இல் ஜொகூருக்கு எழுதப்பட்ட அரசியல் சட்டம் அளிக்கப்பட்டது. மலாய் மாநிலங்களில் அதுவே முதலாவது. அரசர் தம் அதிகாரத்துக்குத் தாமே வரம்பு எழுதி வைத்தார். அதற்கு இரண்டு மாதம் ஆகுமுன், ஜூன் 4இல், இலண்டனில் காலமானார். அந்த மரபில் வந்த சுல்தான் இப்ராகிம் 2024 ஜனவரி 31இல் நாட்டின் 17ஆவது மாமன்னராக அரியணை ஏறியது நம் மாநிலத்துப் பிள்ளைகள் அனைவருக்கும் தெரியும்.

என் மாணவி ஒரு வண்ண அட்டையை உயர்த்திப் பிடித்தாள். ஜொகூர் அரசின் சின்னம். கேடயத்தை இரு புறமும் தாங்கி நிற்கும் புலிகள், மேலே மகுடம். “கீழே இருக்கிற இலைகளைப் பாருங்க. இது கம்பீர், இது மிளகு. காட்டுல உழைச்சவங்களோட பயிரை அரசர் தன் சின்னத்துலயே வச்சிருக்கார்” என்றாள்.

நான் உற்றுப் பார்த்தேன். பால்மர இலை இல்லை. இருக்கவும் முடியாது, ரப்பர் ஜொகூரை நிரப்புமுன்பே உருவான சின்னம் அது. யார்மீதும் குறை இல்லை. ஆனாலும் மனம் தேடியது.

அவள் என் முகத்தைப் பார்த்துவிட்டாள் போலும். அட்டையை மடித்து வைத்துவிட்டு, “இன்னொரு இலை இருக்கு. அது இந்தச் சின்னத்துல இல்லை” என்று தொடர்ந்தாள். கம்பீருக்குப் பின் வந்த ரப்பரையும், கடல் கடந்து வந்து அதை நட்டுப் பால் எடுத்த தமிழர்களையும், 1909இல் ஜொகூர் பாருவை எட்டிய இரயில் பாதையையும், 1924இல் திறப்பு விழா கண்ட ஜொகூர் பாலத்தையும் பற்றி ஐந்து நிமிடம் பேசினாள். சிங்கப்பூர் இந்தியக் குடும்பத்தின் சிறுவன், “எங்க தாத்தாவும் எஸ்டேட்லதான் இருந்தாராம்” என்று தாயிடம் கிசுகிசுத்தான்.

வேனில் ஏறும்போது அவளைக் கேட்டேன். “இதெல்லாம் கம்பெனி கொடுத்த பாடமா?”

“அவங்க கொடுத்த தாள்ல இது இல்லை சார். நானாச் சேர்த்துக்கிட்டேன்.”

அவளுக்கு அன்று மனத்துக்குள் நூற்றுக்கு நூறு போட்டேன்.

மணிக்கூண்டு போல் ஒரு மினாரா

அடுத்து சுல்தான் அபு பாக்கார் பள்ளிவாசல். நீரிணைக் கரையோர மேட்டில் இருக்கிறது. 1892இல் கட்டத் தொடங்கி 1900இல் முடிந்தது. கட்டச் சொன்ன சுல்தான் அதைக் கண்ணாரக் காணாமலே போய்விட்டார். மினாராக்களை உற்றுப் பார்த்தால் ஆங்கில நாட்டு மணிக்கூண்டுகளைப் போலத் தோன்றும். ஐரோப்பாவுக்குப் பலமுறை சென்று வந்த அரசர், அங்கே கண்ட அழகைத் தம் மண்ணின் தொழுகைக்கூடத்தில் கொண்டு வந்து சேர்த்தார். எங்கள் ஓட்டுநர் பெரியவர் அங்கே தொழுதுவிட்டு வந்தார். நாங்கள் மரநிழலில் நின்று கடற்காற்று வாங்கினோம். பின்னர் அரச குடும்பத்தார் அடக்கமாகியுள்ள மஹ்மூடியா கல்லறைத் தோட்டத்தை வேனிலிருந்தபடியே பார்த்துவிட்டுத் திரும்பினோம்.

மணி ஐந்து. “சார், லார்க்கின்ல இறக்கி விடவா?” என்று மாணவி கேட்டாள். சற்று யோசித்தேன். காலையில் ஜாலான் டான் ஹியோக் நீயில் நின்றபோது தொடங்கிய கேள்வி உள்ளே குடைந்து கொண்டிருந்தது. “இல்லை, அதையும் பார்த்துடறேன்” என்றேன்.

குடித்துவிட்டுத் துப்புகிறார்கள்!

குளிர்சாதன அறை. வெள்ளை விரிப்பு போட்ட நீள மேசை. ஒவ்வொருவர் முன்னும் நான்கு கண்ணாடிக் கிண்ணங்கள். நீண்ட காம்பு, மேலே தாமரை மொட்டு போல் வாய். 21 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு மது இல்லை. 2017 டிசம்பரிலிருந்து நாட்டில் அதுதான் விதி. சிறுவனுக்கு ஆரஞ்சுச் சாறு வந்தது. இஸ்லாமியர்களுக்கு மது விலக்கு. ஓட்டுநர் பெரியவர் வெளியே தேநீர்க் கடைக்குப் போய்விட்டார்.

நிகழ்ச்சியை நடத்தியவர் ஓர் இளைஞர். ஒயின் என்பது திராட்சைச் சாறு புளித்து உண்டாவது. பழத்தின் சர்க்கரையை நொதி தின்று மதுச்சத்தாக மாற்றுகிறது. தோலோடு புளிக்க வைத்தால் சிவப்பு ஒயின், தோல் நீக்கிய சாற்றில் வெள்ளை ஒயின். நம் வெப்ப மண்ணில் அந்தத் திராட்சை சரியாக வராது. ஆகவே புட்டிகள் எல்லாம் ஆஸ்திரேலியாவிலிருந்தும் பிரான்சிலிருந்தும் வந்தவை.

அவர் சொன்னதைக் கேட்கக் கேட்க எனக்கு வியப்பு. இதைத்தானே தென்னம்பாளையும் செய்கிறது! பாளையைச் சீவிக் கலயம் கட்டினால் காற்றில் இருக்கும் நொதி தானாக வந்து சேர்ந்து கொள்கிறது. காலையில் இனிப்பு, மாலையில் கள், மறுநாள் காடி. கள்ளில் நூற்றுக்கு நான்கைந்து பங்கு மதுச்சத்து என்றால் ஒயினில் பன்னிரண்டு, பதின்மூன்று. ஆனால் கள் குடித்தவனைக் குடிகாரன் என்கிறோம். ஒயின் குடிப்பவரை இரசிகர் என்கிறோம்! விலைப்பட்டியலைப் பார்த்தேன். ஒரு புட்டி 170 வெள்ளி. நாட்டின் குறைந்தபட்ச மாதச் சம்பளம் 1,700 வெள்ளி. கணக்கு வாத்தியார் மனம் சும்மா இருக்குமா? மூன்று நாள் உழைப்பு ஒரு புட்டிக்குள்!

பிறகு செய்முறை. கிண்ணத்தைச் சாய்த்து நிறம் பார். சுழற்று. மூக்கை வைத்து முகர். ஒரு மிடறு வாயில் வைத்து நாக்கெல்லாம் படவிடு. அடுத்து அவர் செய்ததைப் பார்த்துத் திகைத்துப் போனேன். பக்கத்தில் இருந்த வாளியில் துப்பிவிட்டார்! நான்கு வகையையும் சுவைக்க வேண்டுமானால் புத்தி தெளிவாக இருக்க வேண்டுமாம். அதனால் விழுங்காமல் துப்புவதுதான் முறையாம். மேசையில் பாதிப் பேர் அப்படியே செய்தார்கள்.

என் முன்னும் ஒரு கிண்ணம். சரி, முகர்ந்தாவது பார்ப்போமே என்று எடுத்தேன். புளிப்பு வாசனை.

அவ்வளவுதான். அந்த அறை மறைந்து போயிற்று. ஏழு வயதுப் பையனாக அப்பாவின் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு எங்கள் தோட்டத்துக் கள்ளுக்கடை வாசலில் நிற்கிறேன். மாலை வெயில். அப்பாவின் சட்டையில் கோட்டுப்பால் நாற்றம். தோளில் காண்டா அழுத்திய தழும்பு. குவளையை வாங்கியதும் முதலில் நாலு சொட்டுத் தரையில் விடுவார். முனியாண்டிக்கு. பிறகு எனக்கு ஒரு வடை வாங்கிக் கொடுத்துத் தலையைத் தடவுவார். அந்த நேரத்து அப்பாவைப் போல் நல்லவர் உலகத்தில் இல்லை.

பால்மரம் போய்ச் செம்பனை வந்தது. கள்ளுக்கடையை மூடினார்கள். குடி மூடவில்லை. ரோட்டோரக் கடையில் தட்டைப் புட்டியில் சம்சு வாங்கினார். சம்பள நாளில் அம்மா ஆபீசு வாசலில் காத்து நிற்பார், அப்பாவின் கைக்குப் போகுமுன் பத்து வெள்ளியாவது பிடுங்கிக் கொள்ள. அப்பாவுக்கு 52 வயதில் ஈரல் போயிற்று. நான் அப்போது ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இருந்தேன். செய்தி வந்து பேருந்து பிடித்து வருவதற்குள் எடுத்துவிட்டார்கள். மாலை நிகழ்ச்சியை அம்மாவிடம் சொல்ல முடியாமல் போன காரணம் இதுதான்.

கிண்ணத்தை அப்படியே கீழே வைத்தேன். உத்தமன் என்று காட்டிக்கொள்ள அல்ல. கை ஓடவில்லை, அவ்வளவே. மெல்ல எழுந்து வெளியே போய் ஓட்டுநர் பெரியவருடன் உட்கார்ந்தேன். அவர் ஒன்றும் கேட்கவில்லை. எனக்கும் ஒரு தே தாரிக் சொன்னார்.

மாணவி கேட்காமல் கேட்ட கேள்வி

சிறிது நேரத்தில் அவளும் வந்து எதிரில் அமர்ந்தாள். அவள் மூன்றாம் படிவம் படிக்கும்போது தகப்பன் சம்சுவில் போனவர். அது தோட்டம் முழுக்கத் தெரிந்த கதை. கேட்கலாமா, வேண்டாமா என்று தயங்கிக் கேட்டே விட்டேன்.

“உனக்கு இந்த வேலை கஷ்டமா இல்லையாம்மா?”

அவள் உடனே பதில் சொல்லவில்லை. “இருக்கு சார். முதல் மாசம் அந்த வாசனைக்கே வயித்தைப் பிரட்டும். ஆனா இந்தச் சம்பளத்துலதான் தம்பி பாலிடெக்னிக் படிக்கிறான். நான் ஊரைக் காட்டுறேன். கடைசி ஒரு மணி நேரம் கதவுக்கிட்ட நிக்கிறேன். இதுவரைக்கும் ஒரு சொட்டு வாயில வச்சதில்லை.” பிறகு சொன்னாள்: “அங்க உள்ள இருக்கிறவங்க துப்புறாங்க, பாத்தீங்களா சார்? அவங்க களைச்சுப் போயி வரல. எதையும் மறக்க வரல. அதான் துப்ப முடியுது.”

நான் பள்ளியில் நன்னெறிப் பாடம் நடத்துகிறவன். குடி குடியைக் கெடுக்கும் என்று பலகையில் எழுதிப் போட்டுப் பிள்ளைகளைப் பார்த்தெழுதச் சொல்கிறவன். இரவெல்லாம் வீட்டில் சண்டை நடந்து, காலையில் என் வகுப்பில் தூங்கி விழுகிற பையனும் அதை அழகான கையெழுத்தில் எழுதிக் கொடுக்கிறான். அந்த ஒரு வரி அவனுக்கு என்ன செய்தது? அவன் அப்பாவைத் திட்டும் வரியாகத்தானே அது அவன் காதில் விழும்? அன்று என்னிடம் பதில் இல்லை.

இப்போது ஒரு வழி தோன்றுகிறது. அடுத்த தவணையில் கம்பீர் இலையிலிருந்து தொடங்கிக் கள்ளுக்கடை வரை வரலாறாகவே சொல்லிக் கொடுக்கப் போகிறேன். களைத்த மனிதனின் தாகத்தை வைத்துக் காசு பண்ணும் வியாபாரம் நூற்றைம்பது ஆண்டாக நம் மண்ணில் ஆளை மாற்றி, சரக்கை மாற்றி நடந்து வருகிறது. 2018 செப்டம்பரில் சிலாங்கூரிலும் கோலாலம்பூரிலும் மெத்தனால் கலந்த மலிவு மதுவைக் குடித்து நாற்பதுக்கு மேற்பட்டோர் மாண்டார்கள். அவர்களில் பலர் நம் தாத்தாக்களைப் போலவே பிழைக்க வந்த வெளிநாட்டுத் தொழிலாளர்கள். கூலி மாறினான், குவளை மாறவில்லை. இதைத் தெரிந்துகொண்ட பிள்ளை தன் அப்பாவை வெறுக்க மாட்டான். அதே சமயம் அந்தக் குவளையைத் தானும் ஏந்த மாட்டான் என்று நம்புகிறேன்.

வாசக அன்பர்களே, விடுமுறையில் பிள்ளைகளை ஜொகூர் பாருவுக்கு அழைத்துப் போங்கள். ஜாலான் டோபியும், பழைய கடைத்தெருவும், ராஜ மாரியம்மன் ஆலயமும் நடந்து பார்க்கும் தூரத்தில்தான் இருக்கின்றன. அரண்மனையையும் பள்ளிவாசலையும் வெளியே நின்று பார்க்கக் காசு வேண்டாம். அரச சின்னத்து இலைகளைக் காட்டுங்கள். அதில் இல்லாத இலையையும் சொல்லுங்கள்.

வீடு சேர்ந்தபோது இரவு பத்தரை. அம்மா தூங்காமல் இருந்தார். “அரமனை நல்லா இருந்துச்சாப்பா?” என்றார். மறைக்க மனம் வரவில்லை. ஒயின் விஷயத்தையும் சொல்லிவிட்டேன். கோபிப்பார் என்று நினைத்தேன். அம்மா கன்னத்தில் கைவைத்துக் கேட்டுக் கொண்டிருந்தார்.

“வாயில ஊத்திட்டுத் துப்பிடுவாங்களா?”

“ஆமாம்மா.”

வெகு நேரம் பேசாமல் இருந்தார். பிறகு சுவரில் மாட்டியிருந்த அப்பாவின் படத்தைப் பார்த்து, “ஒங்கப்பாவுக்கு அதை யாரும் சொல்லிக் குடுக்கலையே” என்றார். எழுந்து போய் எனக்குச் சோறு எடுத்து வைத்தார்.